‘அசோகர் உங்க மகருங்களா?’ – டி.எஸ்.பாலையா: வாசகர் கேள்விகளும் பதில்களும்

பழம்பெரும் திரைப்பட நடிகர் டி.எஸ்.பாலையா பற்றி வந்த கடிதங்களை ஒன்றாகச் சேர்த்து வைத்திருந்தோம். இந்த முறை பக்கம் முழுவதும் அவருக்கே.

கேள்வி (விளாத்திகுளம்): பாலையா எங்கள் பக்கத்துக்காரர் என்று பெரியவர்கள் சொல்கிறார்கள். சரிதானா? இணையத்தில் தேடினால் வேறு யாரோ வருகிறார்கள்.

பதில்: சரிதான். இன்றைய தூத்துக்குடி மாவட்டத்துச் சுண்டங்கோட்டைக்காரர். பிறந்தது 1914 ஆகஸ்ட் 23. மறைந்தது 1972 ஜூலை 22. 58 வயது நிறைய ஒரு மாதம் இருந்தது. திரையில் அவரைக் கிழவராகவே பார்த்துப் பழகியவர்களுக்கு இந்தக் கணக்கு நம்பக் கஷ்டமாக இருக்கும்.

‘பாலையா’ என்று மட்டும் தேடினால் தெலுங்கு நடிகர் மன்னவ பாலய்யா வருவார். இல்லாவிட்டால் ரசிகர்கள் ‘பாலய்யா’ என்று செல்லமாக அழைக்கும் நந்தமூரி பாலகிருஷ்ணா வருவார். ‘டி.எஸ்.’ சேர்த்துத் தேடுங்கள். ‘கரகாட்டக்காரன்’, ‘சாட்டை’ படங்களில் பார்த்திருப்பீர்களே, ஜூனியர் பாலையா, அவர் இவருடைய மகன். 2023 நவம்பரில் காலமானார்.

கேள்வி (பேராதனை): ‘சதிலீலாவதி’தான் எம்.ஜி.ஆரின் முதல் படம் என்று எல்லோருக்கும் தெரியும். பாலையாவுக்கும் அதுதானா? கதையில் இலங்கை வருகிறதாமே?

பதில்: அவருக்கும் அதுதான் முதல் படம். 1936 மார்ச்சில் வெளிவந்தது. எல்லிஸ் ஆர்.டங்கன் இயக்கம், எஸ்.எஸ்.வாசன் கதை, எம்.கே.ராதா கதாநாயகன். எம்.ஜி.ஆருக்குச் சின்ன போலீஸ் இன்ஸ்பெக்டர் வேடம். என்.எஸ்.கிருஷ்ணனும் உண்டு. பாலையாவுக்குக் கிடைத்ததோ கதையையே நகர்த்தும் வேடம். நண்பனாகக் கூடவே இருந்து கதாநாயகனைக் குடிக்கப் பழக்கிக் கெடுக்கும் ராமநாதன் அவர்தான். குடிபோதையில் கொலை செய்துவிட்டதாக நம்பி கதாநாயகன் இலங்கைக்கு ஓடித் தேயிலைத் தோட்டத்தில் கூலி வேலை பார்ப்பான். நீங்கள் கேள்விப்பட்ட இலங்கைத் தொடர்பு இதுதான்.

அப்போது பாலையாவுக்கு 21 வயது. கதாநாயகனாக நிற்க வேண்டிய வயதில் வில்லன். மறு ஆண்டு, 1937இல், அதே டங்கன் இயக்கிய ‘அம்பிகாபதி’யில் எம்.கே.தியாகராஜ பாகவதருக்கு எதிராக ருத்ரசேனன். பாகவதர் பாடுவார், இவர் ஒட்டுக்கேட்டுக் கோள் மூட்டுவார். படம் தேடும்போது கவனம் தேவை. சிவாஜி நடித்த 1957 ‘அம்பிகாபதி’ வேறு, இது வேறு.

கேள்வி (கும்பகோணம்): அந்தக் கால நடிகர்கள் எல்லோரும் ‘பாய்ஸ் கம்பெனி’யில் பயின்றவர்கள் என்கிறார்கள். அங்கே அப்படி என்னதான் சொல்லிக் கொடுத்தார்கள்? நடிப்புப் பள்ளியில் படிக்கும் என் மகன் கேட்கிறான்.

பதில்: எல்லோரும் என்று சொல்ல முடியாது. ஆனாலும் 1930களில் சினிமாவுக்கு வந்த தமிழ் நடிகர்களில் பெரும்பாலோர் மேடையிலிருந்து வந்தவர்கள், பாலையா உட்பட. அந்த மேடையை நடத்தியவை பெரும்பாலும் சிறுவர் நாடகக் கம்பெனிகள். மதுரையில் 1918இல் சங்கரதாஸ் சுவாமிகள் தொடங்கிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபை, ஜெகந்நாத ஐயர் கம்பெனி, நவாப் ராஜமாணிக்கம் கம்பெனி, டி.கே.எஸ். சகோதரர்களின் சபை எல்லாம் இந்த வகை.

அங்கே ‘நடிப்பு’ என்று தனியாகப் பாடம் கிடையாது. விடியற்காலையில் குரல் சாதகம். பிறகு வாத்தியார் சொல்லச் சொல்லப் பாடம் ஒப்பித்தல். முக்கியமான விஷயம், பையன் தன் பாடத்தோடு நின்றுவிட முடியாது. எதிரே நிற்பவனின் பாடமும் அவனுக்கு மனப்பாடம் ஆக வேண்டும். காரணம் எளிமையானது: ஒருவனுக்குக் காய்ச்சல் வந்தால் அன்றிரவே இன்னொருவன் அந்த வேடத்தைக் கட்டியாக வேண்டும். டிக்கெட் விற்றாகிவிட்டது, நாடகம் நிற்கக் கூடாது. இப்படிப் பழகியவன் மேடையில் தன் முறை வரும்வரை சும்மா நிற்க மாட்டான். எதிராளி பேசும்போதே உள்ளுக்குள் கூடப் பேசிக்கொண்டிருப்பான். பிற்காலத்தில் பாலையாவிடம் நாம் பார்க்கும் ‘கேட்கும் முகம்’ அந்தத் தலைமுறைக்கே கிடைத்த சொத்து. மற்றவர்கள் செலவழிக்காமல் வைத்திருந்தார்கள், இவர் செலவழித்தார்.

மைக் இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டும். பையன்கள் ஐந்து கட்டைச் சுருதி வரை எட்டிப் பாடுவார்கள். பதின்மூன்று, பதினான்கு வயதில் மகரக்கட்டு, அதாவது குரல், உடையும். அதுவரை ராஜபார்ட்டோ (கதாநாயகன்) ஸ்திரீபார்ட்டோ (பெண் வேடம்) கட்டியவன் திடீரென்று பாட முடியாமல் போவான். அவனைப் பல கம்பெனிகள் வசன வேடங்களுக்கு மாற்றின: வில்லன், மந்திரி, கிழவர், காமிக். தமிழ் சினிமாவின் குணச்சித்திர நடிகர்களில் பலர் இந்த வாசல் வழியாக வந்தவர்கள்தான். குரல் உடைந்தவனுக்குப் பேச்சு ஒன்றுதான் மிச்சம். அதைத்தான் அவன் தீட்டியாக வேண்டும்.

மகனுக்குச் சொல்ல ஒரு பயிற்சி: இருவர் காட்சி ஒன்றை எடுத்துக்கொண்டு ஒரு வாரம் எதிராளியின் வசனத்தை மட்டும் மனப்பாடம் செய்யட்டும். தன் வசனத்தைத் தொடவே கூடாது. எட்டாம் நாள் தன் பகுதியைப் பேசிப் பார்த்தால், எங்கே மூச்சு வாங்க வேண்டும், எங்கே பார்வையைத் திருப்ப வேண்டும் என்பது பாதி தானாகவே அமைந்திருக்கும்.

கேள்வி (சேலம்): பாலையா கதாநாயகனாக நடித்ததே இல்லையா?

பதில்: நடித்திருக்கிறார். உங்கள் ஊர் மாடர்ன் தியேட்டர்ஸ் எடுத்த ‘சித்ரா’ (1946) ஒன்று. 1948இல் வந்த ‘மோகினி’யில் மாதுரி தேவிக்கு ஜோடி. அதே படத்தில் எம்.ஜி.ஆரும் வி.என்.ஜானகியும் உண்டு. கதாநாயகன் வேடம் அவரிடம் நிலைக்கவில்லை, அதில் நமக்கு நஷ்டமும் இல்லை.

கேள்வி (காஞ்சிபுரம்): ‘வேலைக்காரி’யில் அவர் வில்லனா, நல்லவரா?

பதில்: நல்லவர். 1949இல் வந்த அந்தப் படம் அண்ணாவின் நாடகம். ஏ.எஸ்.ஏ.சாமி இயக்கினார். கே.ஆர்.ராமசாமி பழிவாங்கத் துடிக்கும் ஆனந்தன். பாலையா அவருடைய நண்பன் மணி. கத்தியைத் தீட்டாதே, புத்தியைத் தீட்டு என்று ஆனந்தனைத் திருப்பி, வேதாசல முதலியார் வீட்டுக்குள் ஆள்மாறாட்டம் செய்து நுழையும் திட்டத்தைச் சொல்லிக் கொடுப்பவர் இவர்தான். அடுக்குமொழி வசனம் வந்தால் அக்கால நடிகர்கள் ஒவ்வொரு எதுகையிலும் குரலை ஏற்றுவார்கள். பாலையா ஏற்ற மாட்டார், திண்ணையில் உட்கார்ந்து பேசுவதுபோலச் சொல்லிவிட்டுப் போவார். அதனால்தான் அந்த வசனம் பழமொழியாகி ஊருக்குள் போயிற்று.

கேள்வி (நாமக்கல்): எங்கள் கல்லூரி ஆண்டு விழாவில் ‘காதலிக்க நேரமில்லை’ பேய்க் கதைக் காட்சியைப் போட்டோம். நாகேஷ் வேடம் போட்டவன் பிரமாதமாகச் செய்தான். ஆனாலும் யாரும் சிரிக்கவில்லை. என்ன தவறு?

பதில்: தவறு பாலையா வேடத்தில் இருந்திருக்கும்.

1964 பிப்ரவரியில் வந்த ஸ்ரீதரின் படம் அது. சின்னமலை எஸ்டேட் முதலாளி விஸ்வநாதனாகப் பாலையா, ‘ஓஹோ புரொடக்‌ஷன்ஸ்’ செல்லப்பாவாக நாகேஷ். மகன் தான் எடுக்கப்போகும் படத்தின் கதையை அப்பாவுக்குச் சொல்கிறான். வசனம் கிட்டத்தட்ட முழுக்க நாகேஷுக்கு. பாலையாவுக்கு இருப்பது கண், கழுத்து, மூச்சு. ஆனால் பார்வையாளர் கதையைக் கேட்டுச் சிரிக்கவில்லை. அதைக் கேட்பவருக்கு என்ன ஆகிறது என்பதைப் பார்த்துத்தான் சிரிக்கிறார்கள். கதையில் சிரிக்க எதுவுமே கிடையாது.

அரங்கில் போடுபவர்கள் செய்யும் முதல் பிழை, கேட்பவர் இரண்டாவது வரியிலேயே நடுங்கத் தொடங்குவது. பயத்தை அங்கேயே செலவழித்துவிட்டால் பிறகு கையில் ஒன்றும் இருக்காது. பாலையா எப்படி ஏறுகிறார் என்று பாருங்கள். தொடக்கத்தில் அலட்சியம், ‘இவன் எங்கே உருப்படப் போகிறான்’ என்ற முகம். அப்புறம் அரைக்காது கொடுப்பது. பிறகுதான் ஆர்வம், தன்னை அறியாமல் உடம்பு கொஞ்சம் முன்னே வரும். பயம் அதற்கும் அப்புறம். பயந்ததைக் காட்டிக்கொள்ளக் கூடாது என்ற அப்பாவின் கெத்து கடைசிவரை போகாது. அந்தக் கெத்து இருப்பதால்தான் பயம் வேடிக்கையாகிறது. வெறும் கோழையைப் பார்த்து யாரும் அவ்வளவு சிரிப்பதில்லை.

இரண்டாவது பிழை சிரிப்பின் மேல் பேசுவது. சினிமாவில் வெட்டித் தொகுத்து இடைவெளி விடலாம், மேடையில் அது உங்கள் கையில். சிரிப்பு எழுந்து பாதியாக அடங்கும்போது அடுத்த வரியைத் தொடங்குங்கள். முழுக்க அடங்கும்வரை காத்திருந்தால் காட்சி ஆறிவிடும், உச்சத்தில் பேசினால் வரி காணாமல் போகும். மூன்றாவது, இருக்கை. கேட்பவரைப் பக்கவாட்டில் உட்கார வைத்தால் பாதி முகம் போய்விடும். முக்கால் முகம் சபைக்குத் தெரிய நாற்காலியைத் திருப்பிப் போடுங்கள். கதை சொல்பவர் சபைக்கு முதுகு காட்டினாலும் பரவாயில்லை. பலர் இதைத் தலைகீழாகச் செய்கிறார்கள்.

நன்றாக நடிக்கும் பையனுக்கு நாகேஷ் வேடத்தைக் கொடுத்திருப்பீர்கள். அடுத்த முறை அவனை நாற்காலியில் உட்கார வையுங்கள்.

கேள்வி (ஈப்போ): அதே படத்தில் ‘அசோகர் உங்க மகருங்களா’ என்று கேட்பார். வீட்டில் பிள்ளைகளுக்கு அந்த நகைச்சுவை புரியவில்லை. எப்படி விளக்குவது?

பதில்: தமிழ் மரியாதை விகுதியை வைத்துச் செய்த வேடிக்கை அது. அசோக் (ரவிச்சந்திரன்) வெறும் ஆளாக இருந்தவரை விஸ்வநாதனுக்கு அவன் ‘அவன்’. பெரிய கோடீஸ்வரர் வீட்டுப் பிள்ளை என்று நம்பியதும், கிழவர் வேடத்தில் வந்திருக்கும் முத்துராமனிடம் விசாரிக்கிறார். மரியாதை எங்கே நிறுத்துவது என்று தெரியவில்லை. அசோக் என்பது ‘அசோகர்’ ஆகிறது, மகன் ‘மகர்’ ஆகிறான், அதுவும் போதாமல் ‘ங்களா’. மகன் என்ற சொல்லுக்கு ‘ர்’ போட எந்தத் தமிழனுக்கும் வாய் வராது. பணம் என்றதும் இவருக்கு வருகிறது. பிள்ளைகளிடம், “தம்பியைத் ‘தம்பியார் வந்தாருங்களா’ என்று கேட்டுப் பார்” என்று சொல்லுங்கள், புரிந்துவிடும். அந்த ‘ர்’ரை அழுத்திச் சொன்னால் கெட்டுப்போகும். பாலையா அதை அழுத்துவதில்லை. உள்ளபடியே பணிவாகக் கேட்கிறார்.

இந்தப் பேச்சு விளையாட்டு அவருக்குப் புதிதல்ல. பத்து ஆண்டுகளுக்கு முன் ‘தூக்குத் தூக்கி’யில் (1954) சேட்டாக வந்து ‘நம்பள், நிம்பள்’ தமிழ் பேசியவர்தான்.

கேள்வி (தஞ்சாவூர்): ‘ஒரு நாள் போதுமா’ பாட்டைப் பாலையாவே பாடியிருப்பாரோ என்று தோன்றும் அளவுக்கு வாயசைப்பு இருக்கிறது. அது என்னென்ன ராகம்?

பதில்: பாடியவர் எம்.பாலமுரளிகிருஷ்ணா. கண்ணதாசன் பாட்டு, கே.வி.மகாதேவன் இசை, 1965இல் வந்த ஏ.பி.நாகராஜனின் ‘திருவிளையாடல்’. பல்லவி மாண்டு ராகம். அடுத்து தோடி, தர்பார், மோகனம், கானடா. ராகத்தின் பெயரை வரிக்குள்ளேயே ஒளித்து வைத்திருக்கிறார் கவிஞர். ‘எழுந்தோடி’ என்ற சொல்லில் தோடி இருக்கிறது. ‘தர்பார்’, ‘மோகனம்’ நேராகவே வருகின்றன. ‘கானடா’வை ‘தேனடா’வோடு எதுகையாகக் கோத்துவிட்டார். மாண்டுக்கு மட்டும் அந்தச் சலுகை இல்லை.

வாயசைப்புக்கு வருவோம். உதடு மூடாமல் சொல்ல முடியாத எழுத்துகள் தமிழில் ப, ம வரிசைகள்தான். மற்ற எழுத்துகளில் நடிகர் கொஞ்சம் முன்பின் ஆனாலும் கண்ணுக்குத் தெரியாது. இந்த இரண்டில் தப்பினால் உடனே தெரிந்துவிடும். ‘போதுமா’ என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள்: முதலெழுத்து ப வரிசை, கடைசி எழுத்து ம வரிசை. பல்லவி திரும்பத் திரும்ப வரும் பாட்டில் ஒவ்வொரு முறையும் இரண்டு பொறி. பாலையா இரண்டிலும் சரியாக உதடு மூடித் திறப்பார். ஒலியை நிறுத்திவிட்டுப் படத்தை மட்டும் ஓட்டிப் பாருங்கள்.

அதைவிடக் கடினம் அகாரம். ‘ஆ’ என்று பிருகா (வேகமான சுரக் கோவை) ஓடும்போது உதட்டுக்கு வேலை இல்லை. அங்கே வாயை மட்டும் திறந்து வைத்துக்கொண்டு நிற்கும் நடிகர் மாட்டிக்கொள்வார். தாடை, கழுத்து நரம்பு, கை மூன்றும் சங்கதியோடு போக வேண்டும். கார்வை (நீட்டி நிறுத்தும் சுரம்) முடிவதற்கு முன்பே வாயை மூடிவிடுவது இன்னொரு வழக்கமான பிசகு. நாடக மேடையில் ஆர்மோனியத்தோடு வளர்ந்த காதுக்கு இதெல்லாம் சொல்லித் தர வேண்டியதில்லை.

ஆனாலும் பாலையா ஏற்ற ஹேமநாத பாகவதர் வேடத்தின் உச்சம் அந்தப் பாட்டு அல்ல என்பது எங்கள் கட்சி. பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணத்தில் இந்தக் கதைக்கு ‘விறகு விற்ற படலம்’ என்று பெயர். பாணபத்திரருக்காக (படத்தில் டி.ஆர்.மகாலிங்கம்) இறைவன் விறகுவெட்டியாக வந்து பாடுவார். ‘பாட்டும் நானே’ ஒலிக்கும்போது பாலையாவின் முகத்தைப் பாருங்கள். சபையில் அவ்வளவு ஆர்ப்பாட்டம் செய்தவர் அங்கே வெறுமனே கேட்கிறார். முதலில் ரசிகராக, பிறகு வித்துவானாக, கடைசியில் தோற்றவராக. தன்னைவிடப் பெரிய பாட்டு என்று புரிந்துகொள்ளும் அளவுக்கு அவர் நல்ல பாடகர் என்பதையும் அந்த முகம் காட்டிவிடுகிறது. அது இல்லாவிட்டால் அவர் ராத்திரியோடு ராத்திரியாக ஊரை விட்டு ஓடுவது வெறும் காமெடி ஆகிவிடும்.

கேள்வி (திருவாரூர்): தவில் குடும்பத்தைச் சேர்ந்தவன் நான். ‘தில்லானா மோகனாம்பாள்’ படத்தில் பாலையா உண்மையிலேயே வாசித்தாரா? கை அசைவு பாதி சரி, பாதி சரியில்லை என்கிறார் அப்பா.

பதில்: ஒலி அவருடையது அல்ல. 1968இல் வந்த அந்தப் படத்தின் நாகசுரம் மதுரை எம்.பி.என்.சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்களுடையது. தவிலும் தொழில்முறைக் கலைஞர் வாசித்ததுதான்.

உங்கள் அப்பாவுக்குத் தெரியாதது இல்லை, மற்ற வாசகர்களுக்காகச் சொல்கிறோம். தவிலின் ஒரு பக்கத்தைக் கூடு மாட்டிய விரல்களாலும் மறு பக்கத்தைப் பூவரசங்கழியாலும் வாசிக்க வேண்டும். இரண்டு கைக்கும் இரண்டு விதமான வேலை. நடிகர்கள் தப்புவது பெரும்பாலும் கழிக் கையில்தான். விரல் சொற்கள் வேகமாக ஓடும்போது கண்ணால் பிரித்துப் பார்க்க முடியாது, எப்படி அசைத்தாலும் ஒப்பேறிவிடும். கழி விழும் ஒலி தனியாகக் கேட்கும், கழி தனியாகத் தெரியும். அங்கே பொய் சொல்ல முடியாது.

பாலையா இதைத் தோளிலும் தலையிலும் ஈடுகட்டுகிறார். சமத்துக்கு (தாளச் சுற்று தொடங்கும் இடம்) வரும்போது நாகசுரக்காரராக வரும் சிவாஜியைப் பார்க்கும் அந்தப் பார்வை, அவர் ஒரு பிடி பிடித்ததும் ‘அப்படிப் போடு’ என்று புருவத்தால் கொடுக்கும் பதில், இதெல்லாம் கச்சேரி மேடையில் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தவர் செய்வது. கை பாதி சரி என்று உங்கள் அப்பா சொன்னால் ஒப்புக்கொள்கிறோம். முகத்துக்கு எத்தனை மதிப்பெண் என்று அவரிடம் கேட்டு எழுதுங்கள்.

கேள்வி (ஈரோடு): ‘பாகப்பிரிவினை’யில் பாலையா, சுப்பையா இருவரில் யார் சிறந்தவர்?

பதில்: ஏ.பீம்சிங் இயக்கிய அந்தப் படத்தில் (1959) அண்ணன் வைத்தியலிங்கம் பாலையா, தம்பி சுந்தரலிங்கம் எஸ்.வி.சுப்பையா. தம்பிக்குப் பார்வையாளரின் அனுதாபம் இலவசமாகக் கிடைக்கிறது. அண்ணன் பெண்டாட்டி பேச்சைக் கேட்டுக் குடும்பத்தை உடைப்பவர். ஆனால் கெட்டவர் இல்லை, பலவீனர். பலவீனத்தை வெறுப்பு வராமல் நடிப்பது கஷ்டம். சுப்பையா கண் கலங்க வைத்தார். எங்கள் ஓட்டு அண்ணனுக்கு.

கேள்வி (மும்பை, மாட்டுங்கா): இந்தியில் எடுத்தபோது பாலையா வேடங்களை யார் செய்தார்கள்?

பதில்: ‘காதலிக்க நேரமில்லை’, 1966இல் ‘ப்யார் கியே ஜா’ ஆனபோது ஓம் பிரகாஷ். ‘பாமா விஜயம்’ (1967) மறு ஆண்டு ‘தீன் பஹுரானியா’ ஆனது. மூன்று மருமகள்களிடம் சிக்கிய அந்த மாமனார் வேடத்துக்கு அங்கே வந்தவர் பிருத்விராஜ் கபூர். அவரும் நாடகக் கம்பெனிக்காரர்தான்.